தலைவர் பேசிக்கொண்டிருக்கிறார்

மின்விபத்துத் தடுப்பு மையத்தின் தலைவருக்கு அவருடைய நாற்காலியே ஷாக் அடித்தது. சிரிக்கக் கூடாது. என்னிடம் குஷன் தைக்கச் சொல்ல வந்த ஆள் முதலில் சொன்னதே அதுதான்.

விஷயம் சின்னது. ரெக்ஸின் போட்ட நாற்காலி, காலடியில் நைலான் விரிப்பு, ஏசி ஓடி ஓடி வறண்டுபோன அறை. மனிதர் உட்கார்ந்து, நெளிந்து, எழுந்து கதவுக் கைப்பிடியைத் தொட்டால் சுரீர் என்கிறது. தலையில் தேய்த்த சீப்பு காகிதத் துணுக்கை இழுக்கிறதே, அதே சங்கதி. பள்ளிக்கூடத்தில் எல்லோருக்கும் சொல்லிக்கொடுத்ததுதான். ஆனால் மையத்தில் இருப்பவர்கள் பள்ளிக்கூடத்தோடு நின்றுவிட்டவர்கள் இல்லை. அதனால் ஒரு குழு போட்டார்கள். குழு பல தடவை கூடி, டீ குடித்து, நாற்காலிக்குத் தலைவர் மேல் சொந்த விரோதம் எதுவும் கிடையாது என்ற முடிவுக்கு வந்தது. பிறகு, பருத்தித் துணியில் பஞ்சு அடைத்த குஷன் ஒன்று தேவை என்று கண்டுபிடித்து, சோபாவுக்கும் கார் சீட்டுக்கும் மெத்தை தைக்கிற என்னிடம் ஆள் அனுப்பியது.

எனக்கு இந்த வியாதி புதிதில்லை. என் காருக்கு நானே தைத்துப் போட்ட ரெக்ஸின் சீட் என் மாமியாரைக் கடித்துக்கொண்டிருந்தது. இறங்கிக் கதவைச் சாத்தும்போதெல்லாம், "உங்க வண்டிக்கு என்னைக் கண்டாலே ஆகல மாப்பிள்ளை" என்பார். "கதவு இரும்பைப் பிடிச்சுக்கிட்டே தரையில காலை வைங்க அத்தை, அப்புறம் கடிக்காது" என்று சொல்லிக்கொடுத்தேன். சீட்டு கடிக்கிறதுக்கு அது சரியான வைத்தியம்தான். அவரும் அன்றிலிருந்து இரும்பைப் பிடித்துக்கொண்டுதான் இறங்குவார். இந்தப் பழக்கத்தை ஞாபகத்தில் வைத்துக்கொள்ளுங்கள். எங்களைக் கொல்லப் பார்த்தவற்றில் இதுவும் ஒன்று.

மையத்தின் பாதுகாப்பு வார விழா அன்றைக்கு. மேடையில் தலைவர் உட்காரப்போகிற நாற்காலிக்குக் காலையிலேயே குஷன் வந்துவிட வேண்டும் என்று சொல்லியிருந்தார்கள். ஆனால் குளியலறையில் வழுக்கி விழுந்து காலை முறித்துக்கொண்ட மாமியாரை நான் ஆஸ்பத்திரிக்குக் கூட்டிப்போக வேண்டியிருந்தது. தொடையிலிருந்து பாதம்வரை மாவுக்கட்டு போட்டு அனுப்பினார்கள். அவர் பின் சீட்டில் காலை நீட்டிச் சாய்ந்திருந்தார், பக்கத்தில் தலைவரின் குஷன். போகிற வழிதானே, கொடுத்துவிட்டுப் போகலாம் என்று நான் வண்டியை மையத்தின் பக்கம் திருப்பினேன்.

மாமியார் குஷனைத் தட்டிப் பார்த்தார். "இவ்வளவு மெத்துனு உட்கார்ற அளவுக்கு அந்த ஆளு என்ன வேலை பார்க்கிறாரு?"

"பேசுவாரு அத்தை."

"நின்னுக்கிட்டுத்தானே பேசுவாங்க?"

மையத்தின் கேட் வந்துவிட்டது, நான் ஹாரன் அடித்தேன்.

கேட்டுக்கு உள்ளே வரவேற்பு வளைவு வைத்திருந்தார்கள். இரும்புக் குழாயை வளைத்து, அதன் மேல் 'விபத்தில்லா வாரம்' என்று ஆளுயர எழுத்தில் துணி கட்டியிருந்தது. வளைவு காற்றில் சாயாமல் இருக்க அதைக் கயிறு போட்டு, மின்கம்பத்தின் உச்சியில் கம்பிகளைத் தாங்குகிற குறுக்குக் கைமரத்தில் இழுத்துக் கட்டியிருந்தார்கள். அந்த வளாகத்தில் உறுதியாக நின்றது அந்தக் கம்பம் ஒன்றுதான் என்பது பிறகு எனக்கும் புரிந்தது.

நான் உள்ளே நுழைந்ததும் காவலாளி பின்னால் கேட்டைச் சாத்திப் பூட்டிவிட்டார். விழா தொடங்கிவிட்டதாம், தாமதமாக வருகிறவர்களை விடக் கூடாதாம். அந்த நேரம் பார்த்து ஒரு காற்று. 'விபத்தில்லா வாரம்' பாய்மரம் மாதிரி உப்பியது. வளைவு அப்படியே முன்பக்கம் சரிந்து எங்கள் வழியை அடைத்து விழுந்தது. போகிற போக்கில் கயிறு கைமரத்தை முறித்து ஒரு கம்பியையும் இழுத்துக்கொண்டு வந்தது. அந்தக் கம்பி எங்கள் கார்க் கூரையில் படார் என்று விழுந்து நீலமாகப் பொறி கக்கியது. வண்டி அணைந்துவிட்டது.

மாமியார் ஒன்றும் கத்தவில்லை. இறங்கத்தான் பார்த்தார். பழக்கதோஷத்தில் ஒரு கை கதவின் கொக்கியைத் திறக்க, இன்னொரு கை கதவின் இரும்பைத் தேடிப் போனது.

"இறங்காதீர்கள்" என்றது ஒரு குரல்.

வானத்திலிருந்து வந்த மாதிரி இருந்தது. இரண்டு பேரும் அப்படியே உறைந்துபோனோம்.

"காரின் மேல் மின்கம்பி விழுந்துவிட்டதா? பதறாதீர்கள். இறங்காதீர்கள்."

"யாரோ நம்மளப் பார்த்துட்டாங்க அத்தை" என்றேன். எனக்கு அந்தக் குரலைக் கையெடுத்துக் கும்பிட வேண்டும் போலிருந்தது.

குரலைத் தொடர்ந்து பலமான கைத்தட்டல் கேட்டது. அப்போதுதான் புரிந்தது. அரங்கத்துக்குள் தலைவர் பேசிக்கொண்டிருந்தார். அவர் பேசுவதை வெளியில் கட்டியிருந்த கூம்பு ஒலிபெருக்கிகள் ஊருக்குச் சொல்லிக்கொண்டிருந்தன. இந்த வருஷத்துத் தலைப்பு 'வாகனமும் மின்சாரமும்'.

"மின்சாரம் காரின் உலோக உடலில் வெளிப்புறமாகவே ஓடும். உங்களைக் காப்பது அந்த உலோகக் கூடுதான், டயரின் ரப்பர் அல்ல. கம்பியில் உட்கார்ந்த காக்கைக்கு ஏன் ஒன்றும் ஆவதில்லை? அது வேறு எதையும் தொடுவதில்லை. காரில் ஒரு கையும் தரையில் ஒரு காலும் வைக்கிற மனிதனோ, தன் உடம்பையே மின்சாரத்துக்கு வழியாக்கிக் கொடுக்கிறான்."

மாமியார் இரும்புப் பக்கம் போன கையை மடியில் வைத்துக்கொண்டார். கதவை நான் எட்டி இழுத்துச் சாத்தினேன்.

"இரும்பைப் பிடிச்சுக்கிட்டே தரையில காலை வைன்னு சொல்லிக்கொடுத்தது நீங்கதானே?" என்றார்.

"அது சீட்டு கடிக்கிறதுக்கு அத்தை. இது வேற."

"நல்லா சொல்லிக்கொடுத்தீங்க போங்க."

மையத்தின் அவசர எண் அந்த விழுந்த வளைவிலேயே பெரிதாக எழுதியிருந்தது. தலைகீழாகப் படித்து அழைத்தேன். அரங்கத்தின் வாசற்படியில் நின்றிருந்த ஒருவர் பையிலிருந்து போனை எடுத்தார். நெஞ்சில் சாசர் அளவுக்கு பேட்ஜ் குத்தியிருந்தார்.

"வணக்கம். மின்விபத்துத் தடுப்பு மையம். சொல்லுங்க."

"சார், கார் மேல கரண்ட் கம்பி விழுந்துடுச்சு. உள்ள ரெண்டு பேர் இருக்கோம்."

"எந்த இடம்?"

"உங்க எதிர்லதான் சார்."

"அடையாளம் ஏதாவது சொல்லுங்க."

"நீங்க இடது கையால காது குடையறீங்க சார்."

பேட்ஜ்காரர் விரலைக் காதிலிருந்து எடுத்துவிட்டு நிமிர்ந்து பார்த்தார். காரைப் பார்த்தார். கம்பியைப் பார்த்தார். வளைவைப் பார்த்தபோது மட்டும் அவர் முகம் வாடியது. மெதுவாக இறங்கி வந்து, சற்றுத் தள்ளி நின்றார். நான் கண்ணாடியை இரண்டு விரல்கடை இறக்கினேன்.

"கரண்டை நிறுத்தச் சொல்லுங்க சார்."

"நிறுத்தினா மைக் நின்னுடும்."

"நின்னா நிக்கட்டுமே சார்."

அவர் குரலைத் தாழ்த்தினார். சாவு வீட்டில் பேசுகிற மாதிரி ஆகிவிட்டது. "தலைவர் பேசிக்கிட்டிருக்கார்."

"எப்ப முடிப்பாரு?"

"அதை நாம கேட்க முடியாது. போன வருஷம் மழை வந்து முடிச்சு வெச்சுது."

கம்பி கூரையில் சீறிக்கொண்டே இருந்தது. எனக்கு ஒரு சந்தேகம் வந்தது. "கம்பி விழுந்தா ஃப்யூஸ் தானா போயிடும்னு சொல்வாங்களே சார்?"

"அதெல்லாம் போகாது" என்றார். பிள்ளை வாங்கிய மார்க்கைச் சொல்கிற அப்பாவின் பெருமை முகத்தில் தெரிந்தது. "போன வருஷம் விழா நடுவுல ரெண்டு தடவை ஃப்யூஸ் போயி ஒரே அவமானம். அதனால இந்தத் தடவை நல்ல தடிமனான கம்பியா போட்டுக் கட்டிட்டோம். இடியே விழுந்தாலும் இன்னைக்கு கரண்ட் போகாது."

மாமியார் பின்னாலிருந்து கேட்டார். "அங்க ஒரு வண்டி நிக்குதே தம்பி. 'மீட்பு ஊர்தி'ன்னு போட்டிருக்கே."

நின்றது. மரநிழலில், பளபளவென்று, ஏணியும் கையுறைகளும் தொங்க, புத்தம் புதிதாக. குறுக்கே சிவப்பு ரிப்பன் கட்டியிருந்தது.

"தலைவர் இன்னும் ரிப்பன் வெட்டலம்மா. வெட்டாம வண்டியை எப்படி எடுக்கிறது?"

"அதுல வேலை பார்க்கிற ஆளுங்க?"

"உள்ள முதல் வரிசையில உட்கார்ந்திருக்காங்க. விரைவுச் செயல்பாட்டுக்காக அவங்களுக்கு இன்னைக்குக் கேடயம் கொடுக்கிறோம். நடுவுல எழுந்து வந்தா நல்லாவா இருக்கும்?" பிறகு அவருக்கு உண்மையாகவே ஒரு கவலை வந்தது. கண்ணாடி வழியே பின் சீட்டை எட்டிப் பார்த்தார். "குஷன் வண்டியிலதானே இருக்கு?"

இருக்கிறது என்றேன்.

"தலைவர் பேசி முடிச்சதும் உட்காரணும். அதுக்குள்ள அதை எடுத்தாகணும்" என்று சொல்லிவிட்டு ஓடினார். அவர் அப்படி ஓடியதைப் பார்த்து, சுவிட்சைத்தான் அணைக்கப் போகிறார் என்று ஒரு நிமிஷம் நம்பிவிட்டேன். என் புத்தியைச் செருப்பால் அடிக்க வேண்டும். அவர் பந்தல்காரர்கள் விட்டுப்போன ஒரு நீளமான இரும்புக் கொக்கியைத் தூக்கிக்கொண்டு வந்தார்.

"கண்ணாடியை முழுசா இறக்குங்க. குஷனை இதுல மாட்டி விடுங்க. நான் இழுத்துக்கிறேன்."

"சார், இரும்பு சார் அது."

"நான் ரப்பர் செருப்பு போட்டிருக்கேன்" என்று காலைத் தூக்கிக் காட்டினார்.

"தம்பி, வேண்டாம்" என்றார் மாமியார்.

"பயப்படாதீங்கம்மா. நாங்க இந்தத் துறையிலேயே இருக்கிறவங்க."

கொக்கி காரை நோக்கி நீண்டு வந்தது. நான் கண்ணை மூடிக்கொண்டேன். மேலே ஒலிபெருக்கி முழங்கியது. "காரையோ கம்பியையோ கோல் கொண்டும் தொடாதீர்கள், கொக்கி கொண்டும் தொடாதீர்கள். செருப்பை நம்பித் தொட்டவர்களைச் செருப்போடு தூக்கிப்போயிருக்கிறோம்." அரங்கம் கைதட்டி ஆர்ப்பரித்தது. கண்ணைத் திறந்தபோது பேட்ஜ்காரர் கொக்கியைக் கீழே போட்டுவிட்டு இரண்டு கைகளாலும் தட்டிக்கொண்டிருந்தார். தலைவர் நிறுத்துகிற இடத்தில் கைதட்ட வேண்டும் என்பது அங்கே வேலைக்குச் சேர்ந்த அன்றே வருகிற பழக்கம் போலிருக்கிறது. என்ன சொன்னார் என்று காதில் விழுவதற்கு அவசியமில்லை. தட்டி முடித்தபோது எதற்குக் கொக்கி எடுத்து வந்தோம் என்பதே அவருக்கு மறந்துவிட்டது. கைத்தட்டலால் ஒரு உயிர் பிழைத்ததை நான் பார்த்தது அன்றைக்குத்தான்.

இதற்குள் அரங்கத்தில் இடம் கிடைக்காத பொதுஜனம் எங்களைச் சுற்றிக் கூட ஆரம்பித்தது. எல்லோர் தலையிலும் மையம் கொடுத்த காகிதத் தொப்பி. பேட்ஜ்காரருக்கு அதைப் பார்த்ததும் ஒரு யோசனை உதித்தது. அவர்களை நாற்காலி போட்டு வரிசையாக உட்காரவைத்தார், காருக்கு நான்கு எட்டுத் தள்ளி.

"எல்லாரும் நல்லா பாருங்க. தலைவர் உள்ள சொல்றதுக்கு இங்க செயல்விளக்கம் நடக்குது" என்றார். ஒருவர் எழுந்து நின்று எங்களைப் படம் எடுத்தார். இன்னொரு அம்மா என் மாமியாரைப் பார்த்துக் கை அசைத்தார். மாமியாரும் அனிச்சையாக அசைத்துவிட்டார்.

"நாம பொம்மைங்கன்னு நினைச்சுட்டாங்க மாப்பிள்ளை."

வெயிலில் வேர்த்து வழிகிறோம், தலைக்கு மேல் சாவு சீறுகிறது, எதிரில் தொப்பி போட்டுக்கொண்டு உட்கார்ந்து பார்க்கிறார்கள். அவர்களைச் சொல்லிக் குற்றமில்லை. அரசாங்க பேட்ஜ் போட்டவர் செயல்விளக்கம் என்று சொன்னால் நானும் உட்கார்ந்துதான் பார்ப்பேன்.

ஒலிபெருக்கி அடுத்த கட்டத்துக்குப் போனது. "கம்பி விழுந்த இடத்தைச் சுற்றித் தரையிலும் மின்சாரம் பரவும். கம்பிக்குக் கிட்டே இருக்கிற காலுக்கும் தள்ளி இருக்கிற காலுக்கும் மின்னழுத்தம் ஒன்றாக இருக்காது. அகலமாக எட்டு வைத்தால் ஒரு காலில் ஏறி மறு காலில் இறங்கும். பத்து மீட்டருக்குள் ஒருவரும் நிற்கக் கூடாது."

வரிசையில் ஒரு ஆள் தன் கால்களைக் குனிந்து பார்த்தார். பிறகு எங்களைப் பார்த்தார். சத்தம் போடாமல் நாற்காலியைத் தூக்கிக்கொண்டு, சின்னச் சின்ன அடியாக வைத்துப் பின்னால் போனார். அவரைப் பார்த்து அடுத்தவர். கொஞ்ச நேரத்தில் மொத்த வரிசையும் தொப்பியைக் கையில் பிடித்துக்கொண்டு நகர்ந்துவிட்டது.

"வரிசையைக் கலைக்காதீங்க" என்று கத்திக்கொண்டே பேட்ஜ்காரரும் அவர்கள் பின்னால் போனார். அப்படித்தான் அவரும் பத்து மீட்டரைத் தாண்டினார்.

அப்போதுதான் எனக்கு ரப்பர் தீய்கிற வாடை வந்தது.

முன்பக்க டயர் ஒன்று புகைந்தது. முதலில் ஊதுவத்திபோல மெல்லியதாக, பிறகு கறுப்பாக. வண்டியின் டிக்கியில் நான் கடைக்கு வாங்கிய ஃபோம் தாள்கள் கட்டுக்கட்டாகக் கிடந்தன. அந்த ஃபோம் தீயைப் பார்த்தால் என்ன செய்யும் என்று எனக்குத் தெரியும். மாமியாரிடம் சொல்லவில்லை. அவருக்கு மூக்கு இருந்தது.

"புகை வருது மாப்பிள்ளை."

"ஆமா அத்தை."

"இப்பவும் இறங்கக் கூடாதா?"

இதற்குப் பதில் தெரிந்தவர் அங்கே ஒருவர்தான் இருந்தார். இரண்டு பேரும் ஒலிபெருக்கியைப் பார்த்தோம்.

"ஒருவேளை" என்றது அது, கேட்டது போலவே, "கார் தீப்பற்றிவிட்டால்? அப்போது உள்ளேயே இருக்க முடியாது. வெளியேற ஒரே ஒரு முறைதான் உண்டு. அதை அறியாமல் இறங்கியவர்கள் ஒருவரும் திரும்பி வந்து நமக்குச் சொல்லவில்லை. அந்த முறையை இப்போது சொல்லப்போகிறேன்."

நான் காதைக் கண்ணாடி இடுக்கில் வைத்தேன்.

"அதற்கு முன், நான் இந்த மையத்தின் பொறுப்பை ஏற்றபோது இங்கே ஒரு பூந்தொட்டிகூடக் கிடையாது என்பதை நினைவுகூர விரும்புகிறேன்."

கைத்தட்டல்.

பூந்தொட்டிகள் வந்த வரலாற்றைச் சொன்னார். தொட்டிகளுக்கு மஞ்சள் வண்ணமா பச்சை வண்ணமா என்று நடந்த விவாதத்தைச் சொன்னார். பாதுகாப்பைப் படித்து வர அவர் குடும்பத்தோடு போன வெளிநாட்டுப் பயணத்தைச் சொன்னார். அங்கே கடற்கரை மிகவும் பாதுகாப்பாக இருந்ததாம். டயரிலிருந்து இப்போது தீ நாக்கு எட்டிப் பார்த்தது.

"சொல்லித் தொலையேன்டா" என்றார் மாமியார், மெல்லிய குரலில்.

நான் கண்ணாடி வழியாகக் கத்தினேன். "சார், தீப்பிடிச்சிடுச்சு. இப்பவாவது நிறுத்துங்க."

பேட்ஜ்காரர் தூரத்திலிருந்து உதட்டில் விரலை வைத்துக் காட்டினார்.

"மக்கள் என்னிடம் கேட்பார்கள்" என்றார் தலைவர், "இவ்வளவு ஆண்டுகளாக நீங்கள் செய்தது என்ன என்று. நான் சொல்வேன்: பேசினேன். ஒரு நாளும் ஓயாமல் பேசினேன். ஒரு விபத்து நடந்த இடத்துக்குப் போய்வருகிற நேரத்தில் நான்கு ஊரில் பேசிவிடலாம். ஆகவே நான் எந்த விபத்து இடத்துக்கும் போனதில்லை." இதற்குத்தான் அன்றைக்கு இருந்ததிலேயே பெரிய கைத்தட்டல்.

ஒரு வழியாக வந்துசேர்ந்தார். "விட்ட இடத்துக்கு வருகிறேன். தீப்பிடித்த காரிலிருந்து குதிக்க வேண்டும். இரண்டு பாதங்களையும் ஒட்டி வைத்து, காரைத் தொடாமல், தரையைத் தொடும் நேரத்தில் உடம்பின் எந்தப் பகுதியும் காரில் படாமல், ஒரே குதி. விழக் கூடாது. பிறகு பாதங்களைப் பிரிக்காமல், தூக்காமல், தரையோடு தேய்த்துத் தேய்த்து விலகிப் போக வேண்டும். மின்சாரம் நின்றுவிட்டாலும் திரும்பிப் போகாதீர்கள். போன மின்சாரம் திரும்பி வரும், சொல்லிக்கொண்டு வராது."

மாமியார் தன் மாவுக்கட்டைப் பார்த்தார். அந்தக் கால் விறைத்து நீட்டிக்கொண்டிருந்தது. அதை இன்னொரு காலோடு ஒட்டி வைத்து யாராலும் குதிக்க முடியாது.

"நீங்க குதிச்சுடுங்க மாப்பிள்ளை" என்றார்.

"சும்மா இருங்க அத்தை."

"என் பொண்ணுக்கு நீங்க வேணும். நான் பார்க்க வேண்டியதெல்லாம் பார்த்தாச்சு. போங்க."

கல்யாணமான நாளிலிருந்து என் வண்டியையும் என் தையலையும் நான் சாப்பிடுகிற வேகத்தையும் குறை சொன்ன வாய் அது. இப்படியும் பேசும் என்று எனக்குத் தெரியாது. எனக்குப் பயமாக இருந்தது, அழுகையும் வந்தது. அதைவிட அதிகமாக, அந்தக் கைத்தட்டலைக் கேட்கக் கேட்க ஆத்திரம் வந்தது. இவர்களுக்காகவா இந்த அம்மாவை விட்டுவிட்டுப் போவது?

முன் சீட்டுகளுக்கு நடுவே நுழைந்து பின்னால் போனேன். "அத்தை, காக்கை கம்பியில உட்கார்ந்தா ஒண்ணும் ஆகாதுன்னு சொன்னாரில்ல. நீங்க என் மேல உட்கார்ந்துக்குங்க. என்னைத் தவிர எதையும் தொடாதீங்க. ரெண்டு காலும் என்னோடதுதான்."

அவருக்குப் புரிய ஒரு நொடி ஆனது. "உப்புமூட்டையா?"

"ஆமா."

"ஊர் சிரிக்கும் மாப்பிள்ளை. மருமகன் மாமியாரைத் தூக்கிக்கிட்டு..."

"சிரிக்கட்டும் அத்தை. பத்து மீட்டருக்கு அந்தாண்ட நின்னு சிரிக்கட்டும்."

கதவைக் காலால் உதைத்துத் திறந்தேன். விளிம்பில் குத்தவைத்து உட்கார்ந்தேன். அவர் என் முதுகில் ஏறிக் கழுத்தைக் கட்டிக்கொண்டார். மாவுக்கட்டுக் கால் என் இடுப்புக்குப் பக்கத்தில் துப்பாக்கி மாதிரி முன்னால் நீட்டியது. குதிக்கப் போகிற நேரத்தில் அவருடைய ஒரு கை கழுத்திலிருந்து நழுவி, கதவின் இரும்புக்குப் போனது.

"அத்தை, கை."

"ஐயோ, பழக்கம்" என்று எடுத்து, என் தலைமுடியைக் கொத்தாகப் பிடித்துக்கொண்டார். குதித்தேன்.

விழவில்லை. எப்படி விழாமல் நின்றேன் என்று இன்றைக்கும் தெரியாது. பாதங்கள் ஒட்டியிருந்தன. அங்கிருந்து பாதத்தைத் தூக்காமல் தேய்த்துத் தேய்த்து, முதுகில் மாமியாரோடு, முடி பிடுங்கப்பட்டபடி, ஆமையின் வேகத்தில் போனேன். தொப்பிக்காரர்களில் ஒருவர்கூடச் சிரிக்கவில்லை. அவர்கள் பக்கத்தில் போய் மாமியாரைத் தரையில் உட்காரவைத்தபோது, முன்பு கை அசைத்த அம்மா தன் காகிதத் தொப்பியால் அவருக்கு விசிறினார்.

பின்னால் டயர் வெடித்தது. தெருக்கோடியில் எங்கோ ஒரு சத்தம் கேட்டு, மொத்த வளாகத்திலும் கரண்ட் போனது. ஒலிபெருக்கி, "எனக்குப் பின்னும் இந்த மையத்..." என்ற இடத்தில் நின்றது.

மையம் செயல்படுவதை அதற்குப் பிறகுதான் பார்த்தேன். அரங்கத்தின் கதவுகள் படீரென்று திறந்தன. முதல் வரிசையில் இருந்த மீட்புக் குழு தலைக்கவசத்தோடு பாய்ந்து வந்தது. எரிகிற எங்கள் காரைச் சுற்றிக்கொண்டு ஓடியது. மீட்பு ஊர்தியின் ரிப்பனை ஒருவர் பல்லால் கடித்து அறுத்தார். உள்ளேயிருந்து பெரிய டார்ச் ஒன்றை எடுத்துக்கொண்டு அதே வேகத்தில் அரங்கத்துக்குள் திரும்பி ஓடினார்கள். தலைவர் மேடைப்படியில் தடுக்கி விழுந்துவிடக் கூடாதல்லவா? அவர்களுக்குக் கேடயம் கொடுத்தது சரிதான். உண்மையிலேயே விரைவாகச் செயல்பட்டார்கள்.

பேட்ஜ்காரர் போனில் துணைமின்நிலையத்தைப் பிடித்துவிட்டார். "தலைவர் இருட்டுல நிக்கிறார்யா. உடனே போடு. இங்க எல்லாம் சரியாத்தான் இருக்கு, போடு."

"சார், கம்பி இன்னும் கார் மேலதான் கிடக்கு" என்றேன்.

ஒரு நிமிஷம் என்று கையைக் காட்டினார். பேசி முடித்துப் போனைப் பையில் போட்டார். காரைத் திரும்பிப் பார்த்தார். முன்பக்கம்தான் எரிந்தது. பின் கதவு திறந்துகிடந்தது, சீட்டில் குஷன் பத்திரமாக இருந்தது.

"இப்பத்தான் கரண்ட் இல்லையே" என்று சொல்லிவிட்டு ஓடத் தொடங்கினார்.

கரண்ட் போடச் சொன்னது இந்த ஆள். சொல்லி வாய் மூடவில்லை. எனக்குக் கத்தவும் நேரமில்லை. ஆனால் அவர் என் மாமியாரைத் தாண்டித்தான் ஓட வேண்டியிருந்தது. தரையில் உட்கார்ந்திருந்த மாமியார் எட்டி அவர் பேன்டின் கால்பகுதியைப் பிடித்துக்கொண்டார். மனிதர் குப்புற விழுந்தார்.

"என்னம்மா இது" என்று அவர் சீறிக்கொண்டு எழுவதற்குள் கரண்ட் வந்துவிட்டது. கம்பி கூரையில் துள்ளி விழுந்தது. திறந்த கதவுக்கும் தரைக்கும் நடுவே நீலமாக ஒரு வெளிச்சம் வெடித்தது. அவர் கை போயிருக்க வேண்டிய இடம் அது. குஷன் பற்றிக்கொண்டது, பிறகு டிக்கியில் இருந்த ஃபோம், பிறகு வண்டி மொத்தமும்.

ஒலிபெருக்கி தொண்டையைச் செருமியது. "ஹலோ, ஹலோ. சிறு தடங்கலுக்கு வருந்துகிறோம். நிறைவாக ஒன்று. இந்தப் பாதுகாப்பு வாரத்தில், நம் மைய வளாகத்தின் எல்லைக்குள், ஒரே ஒரு மின்விபத்துகூட நிகழவில்லை என்பதைப் பெருமையோடு அறிவிக்கிறேன்."

பேட்ஜ்காரர் முழங்கால் சிராய்ப்போடு மண்ணில் உட்கார்ந்து அந்த நெருப்பைப் பார்த்துக்கொண்டிருந்தார். கண்ணில் தண்ணீர் நின்றது. அவருடைய இரண்டு கைகளும் மெல்ல மேலே வந்து தட்ட ஆரம்பித்தன. அதைப் பார்க்க எனக்கு அருவருப்பாக இருந்தது. மாமியார் முகத்தைத் திருப்பிக்கொண்டு காறித் துப்பினார்.

விழா முடிந்ததும், மின்சாரத்தைச் சிக்கனப்படுத்த வேண்டும் என்று யாரோ மெயினை அணைத்தார்கள். எங்கள் காருக்குக் கரண்ட் நின்றது அப்படித்தான்.

மறுநாள் போன் வந்தது. பேட்ஜ்காரர்தான். முழங்கால் எப்படி இருக்கிறது என்று கேட்டேன். அதைப் பற்றி அவர் பேச விரும்பவில்லை.

"குஷன் எரிஞ்சுபோனதுல தலைவருக்கு ரொம்ப வருத்தம். மேடையில கடைசிவரைக்கும் நின்னுக்கிட்டே இருந்தார், பாவம். இன்னொண்ணு எப்ப கிடைக்கும்?"

"என் கார் சார்?"

"அதுக்கும் நடவடிக்கை எடுத்திருக்கோம். பழைய வண்டிங்க இனிமே வளாகத்துக்குள்ள வரக் கூடாதுன்னு பெரிய போர்டா வைக்கப்போறோம். அந்த வளைவைவிடப் பெருசு."

"எதுல கட்டுவீங்க?"

"அதே கம்பத்துலதான். உறுதியா இருக்கு."

கட்டிலில் காலை நீட்டி உட்கார்ந்து எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருந்த மாமியார் கையை நீட்டினார். போனைக் கொடுத்தேன்.

"குஷன்தானே தம்பி? தைச்சுத் தர்றோம்" என்றார், தேன் ஒழுக. "ஆனா ரெக்ஸின்லதான் தருவோம்."

"ஐயோ, வேண்டாம்மா. அது தலைவருக்கு ஷாக் அடிக்கும்."

"அடிக்கட்டும் தம்பி. உங்க ஆபீஸ்ல வேற எந்த ஷாக்கும் அந்த ஆளுக்கு எட்ட மாட்டேங்குதே."

போனை வைத்துவிட்டு, தலையணைக்கு அடியிலிருந்து என் அளவு டேப்பை எடுத்துக் கொடுத்தார்.